அந்த ஒரு வரியைத் திருப்பிக் கொடுங்கள்: தமிழ்நாட்டு எம்.பி.க்களுக்கு ஒரு திறந்த மடல்

மக்களவையில் 39 பேர், மாநிலங்களவையில் 18 பேர், ஆக உங்கள் 57 பேருக்கும் சேர்த்துத்தான் இதை எழுதுகிறேன்.

போன மாதம் எனக்கு ஒரு தபால் வந்தது. பழுப்பு உறை, உள்ளே ஒரே ஒரு தாள். ஒரு தாலுகா அலுவலகத்தில் முதியோர் உதவித்தொகை வாங்குகிறவர்களின் பட்டியலைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டிருந்தேன், அதற்கான பதில். கேட்ட தகவல் தனிநபர் தகவல் தொடர்பானது, பிரிவு 8(1)(ஜே)-இன்படி வழங்க இயலாது என்று ஒன்றரை வரி. கீழே கையெழுத்து, ஊதா மசியில் பாதி பதிந்தும் பாதி பதியாமலும் ஒரு முத்திரை.

மறுப்புக் கடிதம் எனக்குப் புதிதில்லை. 19 வருடமாகத் தாலுகா நிருபராக ஓடிக்கொண்டிருக்கிறேன், இப்படி வந்த கடிதங்கள் வீட்டில் ஒரு பை நிறைய இருக்கின்றன. வந்தால் அன்றைக்கு ராத்திரியே மேல்முறையீட்டை எழுதி, காலையில் தபாலில் சேர்த்து, ஒப்புகை அட்டை திரும்பி வரும் வரை காத்திருப்பது பழகிப்போன வேலை. இந்த முறையும் எழுத உட்கார்ந்தேன். அனுப்புநர், பெறுநர், பொருள், பார்வை எல்லாம் எழுதியாயிற்று. அதற்கு அப்புறம் எழுத ஒன்றும் இல்லை. இத்தனை வருடம் நான் எந்த வரியை எடுத்து எழுதி ஜெயித்தேனோ அந்த வரி சட்டத்தில் இப்போது இல்லை. அதை எடுத்தது தாலுகா அலுவலகம் இல்லை. நீங்கள் உட்கார்ந்திருக்கிற நாடாளுமன்றம்.

அந்த வரி என்ன என்று சொல்வதற்கு முன்னால் அது என்ன செய்தது என்று சொல்லிவிடுகிறேன்.

2018. இதே மாதிரி ஒரு அலுவலகம், இதே மாதிரி ஒரு பட்டியல். எங்கள் பக்கத்தில் ஒரு ஊரில் ஒரு பாட்டிக்கு எட்டு மாதமாக உதவித்தொகை வரவில்லை. அப்போது மாதம் 1,000 ரூபாய். கணவர் இல்லை, பிள்ளைகள் இல்லை. பேங்குக்காரப் பையன் கைரேகை மிஷினோடு தெருவுக்கு வரும்போதெல்லாம் போய் நின்றிருக்கிறார், "பாட்டி, உங்களுக்கு ஏறல" என்பதே பதில். தாலுகா ஆபீசுக்கு இரண்டு பஸ் மாறி நாலு தடவை போயிருக்கிறார். மேலேயிருந்தே நின்றுவிட்டது என்று சொல்லி அனுப்பியிருக்கிறார்கள். மேலே என்றால் எங்கே என்று அவருக்கு யாரும் சொல்லவில்லை.

நான் 10 ரூபாய் வில்லை ஒட்டி மனுப் போட்டேன். அந்த வருவாய் கிராமத்தில் உதவித்தொகை வாங்குகிறவர்கள் யார், நிறுத்தப்பட்டவர்கள் யார், என்ன காரணத்துக்காக. அப்போதும் முதல் பதில் மறுப்புத்தான், அதே 8(1)(ஜே). மேல்முறையீட்டு விசாரணைக்குக் கூப்பிட்டார்கள். மேசைக்கு எதிரே ஒரு ஸ்டூல். அதிகாரி வயதானவர், ஓய்வுபெற இன்னும் கொஞ்ச காலந்தான் இருந்திருக்கும். நான் சட்டப் புத்தகத்தில் அந்தப் பிரிவின் கடைசி வரியைப் பென்சிலால் கோடு போட்டுக் கொண்டுபோயிருந்தேன், அதை அவர் பக்கம் திருப்பி வைத்தேன். அவர் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு, தாளை முகத்துக்குக் கிட்டே வைத்து, வாய்விட்டு வாசித்தார். நாடாளுமன்றத்துக்கோ மாநிலச் சட்டமன்றத்துக்கோ மறுக்க முடியாத தகவலை எந்த ஒரு மனிதருக்கும் மறுக்கக் கூடாது. இரண்டாவது தடவையும் வாசித்தார். அப்புறம் கிளார்க்கைக் கூப்பிட்டு, "எம்.எல்.ஏ. சட்டசபையில கேட்டா குடுத்துத்தானே ஆகணும், அப்ப இவருக்கும் குடுத்துருங்க" என்றார். அவ்வளவுதான் விசாரணை. பக்கத்துக்கு 2 ரூபாய் வீதம் 26 பக்கத்துக்கு 52 ரூபாய் கட்டினேன். ஆதார் எண், வங்கிக் கணக்கு எண் இரண்டையும் கறுப்பு மையால் அடித்துவிட்டுக் கொடுத்தார்கள். சரியான காரியம், எனக்கு அவை தேவையும் இல்லை.

அன்று சாயங்காலம் அந்தப் பாட்டி வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து பட்டியலைப் பார்த்தோம். அவர் முறத்தில் புளியைக் கொட்டி வைத்துக்கொண்டு கொட்டை எடுத்துக்கொண்டிருந்தார். நிறுத்தப்பட்டவர்கள் என்ற தலைப்பின் கீழே அவர் பெயர், அவர் கணவர் பெயர், எதிரே காரணம் என்ற கட்டத்தில் ஒரே வார்த்தை: மரணம். எப்படிச் சொல்வது என்று தெரியாமல் நான் மெதுவாக வாசித்தேன். கை நின்றுவிட்டது. "திரும்ப வாசி தம்பி" என்றார். வாசித்தேன். "நான் செத்துட்டேன்னு யாரு போய் பார்த்துட்டு எழுதுனது?" என்று கேட்டார். கோபமாகக்கூடக் கேட்கவில்லை.

அப்புறம் தெருக்காரர்கள் கூடிவிட்டார்கள். நான் பெயர்களை ஒவ்வொன்றாக வாசிக்க, அவர்களே சொன்னார்கள். இவர் போய் மூணு வருஷமாச்சே, இவர் பையன் ரைஸ் மில் வைத்திருக்கிறாரே, இந்தப் பெயரில் நம்ம ஊரில் யாருமே கிடையாதே. செத்தவர்களுக்குப் பணம் போய்க்கொண்டிருந்தது, உயிரோடு இருந்தவர் செத்தவர் ஆகியிருந்தார். ஒரு மணி நேரத்தில் வெளியே வந்தது இத்தனையும். எந்தத் தணிக்கை அதிகாரிக்கும் இது முடியாது, ஏனென்றால் யார் செத்தார் யார் இருக்கிறார் என்பது அந்தத் தெருவுக்குத்தான் தெரியும். பெயர் இல்லாமல், இத்தனை பேர் வாங்குகிறார்கள் இத்தனை பேரை நீக்கினோம் என்று எண்ணிக்கையை மட்டும் கொடுத்திருந்தால் அன்றைக்கு அந்தத் திண்ணையில் யாருக்கும் எதுவும் தெரிந்திருக்காது.

செய்தி வந்தது. மூன்றாம் மாதம் பாட்டிக்குப் பணம் திரும்ப ஏறியது. நிறுத்தி வைத்த எட்டு மாதப் பணம் மட்டும் அவர் இறக்கும் வரை வரவே இல்லை.

இதைத்தான் நான் புலனாய்வுச் செய்தி என்கிறேன். பெரிய பெயர், பெரிய தொகை, டெல்லி, மும்பை என்றெல்லாம் இருந்தால்தான் புலனாய்வு என்று பலரும் நினைக்கிறார்கள். மும்பை ஆதர்ஷ் அடுக்குமாடி விவகாரத்தில் 2010-இல் மகாராஷ்டிர முதலமைச்சரே பதவி விலக நேர்ந்தது, அதற்குப் பின்னால் தகவல் உரிமை மனுக்கள் இருந்தன, அதெல்லாம் உண்மைதான். ஆனால் அதிகாரம் என்பது எங்கள் ஊரில் தாலுகா ஆபீசில் ஒரு கட்டத்துக்குள் "மரணம்" என்று எழுதுகிற பேனாவாகத்தான் வருகிறது. அந்தப் பேனாவை யாராவது பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும்.

இப்போது நடந்ததற்கு வருகிறேன். 2023 ஆகஸ்டில் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் நிறைவேறியது. மணிப்பூர் கலவரத்துக்காக அவையில் கூச்சல் நடந்துகொண்டிருந்த நாட்கள் அவை, மக்களவையில் 7-ஆம் தேதி, மாநிலங்களவையில் 9-ஆம் தேதி, இரண்டிலும் குரல் வாக்கெடுப்பு, 11-ஆம் தேதி குடியரசுத் தலைவர் ஒப்புதல். அதன் பிரிவு 44(3) தகவல் உரிமைச் சட்டத்தின் 8(1)(ஜே)-யை மாற்றியது. பழைய பிரிவு நீளமானது. தனிநபர் தகவலாக இருந்து, பொது வேலையோடும் பொது நலனோடும் அதற்குச் சம்பந்தம் இல்லை என்றால், அல்லது ஒருவரின் அந்தரங்கத்தில் தேவையில்லாமல் நுழைவதாக இருந்தால் மறுக்கலாம், அப்போதும் பெரிய பொதுநலன் இருந்தால் கொடுக்க வேண்டும், கடைசியாக நான் மேலே சொன்ன அந்த வரி. புதிய பிரிவில் இவை எதுவும் இல்லை. தனிநபர் தகவல் தொடர்பானது என்றால் போதும், மறுக்கலாம். 2025 நவம்பரில் விதிகளை அறிவித்தபோது, சட்டத்தின் பல பிரிவுகளுக்கு 18 மாதம் அவகாசம் கொடுத்துவிட்டு இந்த மாற்றத்தைத் தள்ளிப்போடாமல் உடனே நடைமுறைக்குக் கொண்டுவந்தார்கள். மக்களின் தரவைக் கம்பெனிகளிடமிருந்து காக்கிற பாகம் 2027 மே வரை காத்திருக்கலாம், மக்கள் அரசிடம் கேட்கிற பட்டியலை மறைக்கிற பாகத்துக்கு ஒரு நாள்கூடப் பொறுக்க முடியாது என்றால், எது அவசரம் என்று நினைத்தார்கள் என்பது உங்களுக்குப் புரியாமல் இருக்காது.

அரசாங்கத்தில் எந்தத் தாளில் மனிதர் பெயர் இல்லை, சொல்லுங்கள். டெண்டர் எடுத்தவர் பெயர், அளவு எடுத்து பில் பாஸ் செய்த இன்ஜினியர் பெயர், பட்டா மாறியவர் பெயர், 100 நாள் வேலையில் கையெழுத்துப் போட்டவர் பெயர், சாதிச் சான்றிதழ் வாங்கி வேலையில் சேர்ந்தவர் பெயர். பெயரே தனிநபர் தகவல் என்றால் இனி எதைக் கேட்பது?

ஒன்றிய அரசின் பதில் எனக்குத் தெரியும், அதைச் சொல்லாமல் விட்டால் நியாயமாக இருக்காது. 2017-இல் உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் அந்தரங்கம் அடிப்படை உரிமை என்றார்கள், அதற்கேற்பத்தான் மாற்றினோம் என்கிறார்கள். அப்புறம், பிரிவு 8(2) அப்படியே இருக்கிறதே, பொதுநலன் பெரிது என்றால் அலுவலகம் கொடுக்கலாமே என்கிறார்கள். மானியத் திட்டப் பயனாளிகளின் விவரத்தை அரசே முன்வந்து வெளியிட வேண்டும் என்ற பிரிவு 4-உம் இருக்கிறதே என்கிறார்கள்.

8(2)-இல் இருக்கிற வார்த்தை "கொடுக்கலாம்". ஊழல் எந்த அலுவலகத்தில் நடந்ததோ அதே அலுவலகம்தான் பொதுநலனை எடைபோட்டு, விருப்பப்பட்டால் கொடுக்கலாம். 2018-இல் அந்த வயதான அதிகாரிக்கு எடைபோடுகிற வேலையே இருக்கவில்லை. சட்டசபைக்குக் கொடுப்பாயா, அப்படியானால் இவனுக்கும் கொடு, முடிந்தது. அவருக்கும் அது பாதுகாப்பு, ஏன் கொடுத்தாய் என்று மேலே யாரும் அவரைக் கேட்க முடியாது. இன்றைக்கு ஒரு நேர்மையான அதிகாரி கொடுக்க நினைத்தாலும் பின்னால் தனக்கு வம்பு வருமோ என்று யோசிப்பார், யோசித்து அந்த ஒன்றரை வரியை எழுதி முத்திரை குத்துவார். பிரிவு 4 பற்றி, உங்கள் தொகுதியில் எந்தத் தாலுகா அலுவலகத்தின் பலகைக்கு வேண்டுமானாலும் போய்ப் பாருங்கள். நான் பார்த்த பலகைகளில் 2005-இல் சட்டம் வந்தபோது எழுதிய பொதுத் தகவல் அலுவலர் பெயரே இன்னும் அழியாமல் இருக்கிறது, பட்டியல் எதுவும் கிடையாது. அந்தரங்கத்தைக் காப்பதற்கும் பழைய சட்டத்தில் வழி இருந்தது. மறைக்க வேண்டியதை மட்டும் மறைத்துவிட்டு மீதியைக் கொடு என்கிறது பிரிவு 10, ஆதார் எண்ணுக்குக் கறுப்பு மை அடித்தது அந்தப் பிரிவில்தான்.

அந்தரங்கம் பற்றி இந்த மண்ணிலிருந்தே ஒரு வழக்கு உச்ச நீதிமன்றத்துக்குப் போயிருக்கிறது. 1994 அக்டோபர், ராஜகோபால் எதிர் தமிழ்நாடு அரசு. சிறையில் தூக்குத் தண்டனைக் கைதியாக இருந்த ஆட்டோ சங்கர் எழுதிய தன்வரலாற்றை நக்கீரன் வெளியிட இருந்தது, அதில் அவனோடு உறவு வைத்திருந்த அதிகாரிகளின் விவரம் வரும் என்ற நிலையில் சிறைத்துறைத் தலைவரிடமிருந்து வெளியிடாதே என்று கடிதம் போனது. உச்ச நீதிமன்றம் என்ன சொன்னது? தனிமனிதருக்கு அந்தரங்க உரிமை உண்டு, ஆனால் பொது ஆவணத்தில் பதிவானதைப் பற்றி எழுதினால் அந்த உரிமையைக் காட்டித் தடுக்க முடியாது, அதிகாரிகள் தங்கள் கடமையைச் செய்ததைப் பற்றி எழுதும்போது அவர்களுக்கு அந்தக் கவசம் கிடையாது, அவதூறாக வரும் என்று பயந்து முன்கூட்டியே தடுக்க அரசுக்கு எந்தச் சட்டத்திலும் அதிகாரம் இல்லை என்றது. குடிமகனின் அந்தரங்கமும் அதிகாரியின் கோப்பும் ஒன்றில்லை என்று 1994-லேயே தெளிவாகச் சொல்லியாயிற்று. இரண்டையும் மறுபடி ஒன்றாக்கித்தான் இந்த 44(3)-ஐ எழுதியிருக்கிறார்கள்.

அதே 1994-இன் டிசம்பரில்தான் ராஜஸ்தானில் கோட் கிரானா என்ற ஊரில் மஸ்தூர் கிசான் சக்தி சங்கட்டன் என்ற தொழிலாளர், விவசாயிகள் அமைப்பு முதல் பொது விசாரணையை நடத்தியது. என்ன செய்தார்கள்? வேலை செய்தவர்களின் வருகைப் பட்டியலை ஊர் நடுவில் நின்று சத்தமாக வாசித்தார்கள். வேலைக்கே போகாதவர்களின் பெயருக்கும் கூலி எழுதியிருந்தது. "எங்கள் பணம், எங்கள் கணக்கு" என்று அந்த மக்கள் எழுப்பிய முழக்கத்திலிருந்து, 1996-இல் பியாவரில் 40 நாள் உட்கார்ந்த தர்ணாவிலிருந்து வளர்ந்து வந்ததுதான் 2005-ஆம் வருடச் சட்டம். இதைப் படித்தபோது எனக்கு அந்தத் திண்ணைதான் ஞாபகம் வந்தது. பெயரை வாசிப்பதில் பிறந்த சட்டத்தில் பெயரைக் கேட்கக் கூடாது என்றால் அந்தச் சட்டம் எதற்கு? 2005-க்கும் முன்னாலேயே, 1997-இல், நாட்டிலேயே முதலாவதாகத் தகவல் உரிமைக்குச் சட்டம் போட்டது தமிழ்நாடு. விலக்குகள் அதிகமான, பல் இல்லாத சட்டம்தான், இருந்தாலும் முதலில் போட்டது நாம்.

நிருபர்களுக்கு இன்னொரு கத்தியும் இருக்கிறது. அது 2027 மே மாதம் வரும். இந்தத் தரவுப் பாதுகாப்புச் சட்டத்தின்படி, மற்றவர்களின் விவரத்தை ஒரு நோக்கத்துக்காக டிஜிட்டலாகச் சேர்த்து வைத்துப் பயன்படுத்துகிற கிட்டத்தட்ட எல்லாருக்கும் ஒரே விதி, சம்மதம் வாங்க வேண்டும், கேட்டால் அழிக்க வேண்டும். என் பழைய லேப்டாப்பில் அந்த 26 பக்கமும் எக்ஸெல்லில் இருக்கிறது. மணல் குவாரியில் எத்தனை லோடு யார் பெயரில் போனது என்று ஒரு நிருபர் சேர்த்து வைக்கிற கணக்கும் அப்படித்தான். குவாரிக்காரரிடம் சம்மதக் கையெழுத்து வாங்கிக்கொண்டு எழுதுகிற செய்தி செய்தியா? இந்தச் சட்டத்துக்காக 2018-இல் நீதிபதி ஸ்ரீகிருஷ்ணா குழு கொடுத்த முதல் வரைவில் பத்திரிகைப் பணிக்கு விலக்கு இருந்தது. 2019 மசோதாவிலும் இருந்தது. 2022 வரைவில் காணாமல் போனது, 2023 சட்டத்தில் இல்லை. பத்திரிகை ஆசிரியர்களின் சங்கமான எடிட்டர்ஸ் கில்டு கேட்டது, யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. அபராதம் அதிகபட்சம் 250 கோடி, அது தரவைப் பத்திரமாக வைக்காததற்கு. தனியாக அபராதம் சொல்லாத மற்ற மீறல்களுக்கு 50 கோடி வரை. அதை முடிவு செய்கிற தரவுப் பாதுகாப்பு வாரியத்தின் உறுப்பினர்களை நியமிப்பது ஒன்றிய அரசு. அதோடு, வைத்திருக்கிற விவரத்தைக் கொடு என்று கேட்கிற அதிகாரத்தைப் பிரிவு 36 அரசுக்குக் கொடுக்கிறது, அப்படியானால் எனக்குத் தாள் கொடுத்தவர் யார் என்பது என் கையில் எத்தனை நாள் பத்திரமாக இருக்கும்? அரசுத் துறைகளுக்கோ, வேண்டியதை அரசே விலக்கிக்கொள்ள அதே சட்டத்தின் பிரிவு 17-இல் வழி இருக்கிறது.

செய்திக்கு இவ்வளவு என்று எண்ணி வாங்குகிற நிருபர்கள் நாங்கள். பலருக்கு அடையாள அட்டை மட்டும்தான் சம்பளம். 50 கோடி வேண்டாம், ஒரு நோட்டீஸ் வந்தாலே போதும், வீட்டில் அதற்கு அப்புறம் எழுத விட மாட்டார்கள். நான் சேர்ந்தபோது எங்கள் தாலுகாவில் கேள்வி கேட்கிற நிருபர்கள் ஏழெட்டுப் பேர் இருந்தோம். இப்போது பிரஸ் ரிலீஸை அப்படியே அனுப்புகிறவர்கள்தான் அதிகம், அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை, பிள்ளை குட்டி இருக்கிறது.

இனி உங்களிடம் நேராகப் பேசுகிறேன்.

2025-இல் இந்த 44(3)-ஐ நீக்கச் சொல்லி 120-க்கும் மேற்பட்ட எதிர்க்கட்சி எம்.பி.க்கள் கையெழுத்துப் போட்டீர்கள். மகிழ்ச்சியாகத்தான் இருந்தது. அதற்கு அப்புறம் அதே வருடம் நவம்பரில் அது நடைமுறைக்கு வந்தபோது உங்களில் எத்தனை பேர் தொகுதியில் மக்களிடம் இதைப் பற்றி ஒரு வார்த்தை பேசினீர்கள்? எனக்கு எட்டின வரை கேட்டுப் பார்த்தேன், எங்கள் பக்கத்தில் கட்சிக் கூட்டங்களில் யாரும் பேசவில்லை. 2023-இல் அவையில் இருந்தவர்களும் உண்டு, அப்புறம் புதிதாக வந்தவர்களும் உண்டு, அதனால் யார் என்ன செய்தீர்கள் என்று பழைய கணக்கைக் கிளற வரவில்லை. ஆனால் ஒரு சந்தேகத்தை மறைக்க விரும்பவில்லை. மறைத்துவைக்கிற வசதி ஆளும் கட்சிக்கு மட்டும் பிடித்ததில்லை. பெயர் வெளியே தெரியாமல் கட்சிகளுக்குப் பணம் கொடுக்க வழிசெய்த தேர்தல் பத்திரத்தை 2024 பிப்ரவரி 15 அன்று உச்ச நீதிமன்றம் ரத்து செய்து, மார்ச்சில் பெயரும் எண்ணும் வெளியே வந்த பிறகுதான் யார் பணம் யாருக்குப் போனது என்று நிருபர்கள் பொருத்திப் பார்க்க முடிந்தது. பாஜகவுக்கு 6,000 கோடிக்கு மேல். 1,368 கோடிக்கு வாங்கி முதலிடத்தில் இருந்தது லாட்டரி மார்ட்டினின் நிறுவனம், அதிலிருந்து திமுகவுக்கு 500 கோடிக்கு மேல். பெயர் வெளியே வந்தால் எல்லார் வீட்டிலும் விளக்கு எரியும் என்பது உங்களுக்கும் தெரியும். தாலுகா ஆபீஸும் மாநில அரசின் கீழேதான் இருக்கிறது, எந்தக் கட்சி ஆண்டாலும். இந்த மாற்றம் டெல்லிக்கு எவ்வளவு வசதியோ கோட்டைக்கும் அவ்வளவு வசதி. அதனால்தான் கையெழுத்தோடு நின்றுவிட்டதோ என்று எனக்குத் தோன்றுகிறது. அப்படி இல்லை என்றால் காட்டுங்கள், முதல் ஆளாக நானே எழுதுகிறேன்.

அந்தப் பழைய வரியில் ஒரு பக்கம் நீங்கள் இருந்தீர்கள், மறுபக்கம் அந்தப் பாட்டி இருந்தார். நாடாளுமன்றத்துக்கு மறுக்க முடியாதது எவருக்கும் மறுக்க முடியாதது. உங்களுக்கு ஓட்டுப் போட்டவரை உங்களுக்குச் சமமாக நிறுத்திய வரி அது. அதை வெட்டியதால் உங்களுக்கு எந்தக் குறையும் வரவில்லை, நீங்கள் இன்னும் அவையில் கேள்வி கேட்டுப் பதில் வாங்கலாம். எங்களைத்தான் கீழே இறக்கிவிட்டார்கள். உங்கள் அவையின் பெயரைச் சொல்லி எங்களுக்குக் கொடுத்திருந்த உரிமை அது, அது போனதைப் பற்றி எங்களைவிட உங்களுக்குத்தான் அதிகம் உறுத்த வேண்டும்.

நான் கேட்பது இவைதான்.

44(3)-ஐ நீக்கி, 8(1)(ஜே)-யை அந்தக் கடைசி வரியோடு 2005-இல் இருந்தபடி திருப்பிக் கொண்டுவர, அமைச்சர் அல்லாத உறுப்பினர் கொடுக்கிற தனிநபர் மசோதா ஒன்றை, மக்களவையில் ஒருவரும் மாநிலங்களவையில் ஒருவருமாக, வருகிற கூட்டத்தொடரிலேயே கொடுங்கள். தனிநபர் மசோதா நிறைவேறாது என்று சொல்வீர்கள். நிறைவேறாவிட்டாலும் வெள்ளிக்கிழமை மத்தியானம் அவையில் அதை எடுத்துப் பேசினால் அரசு பதில் சொல்லியாக வேண்டும், அந்தப் பதில் அவைக் குறிப்பில் ஏறும். 2023-இல் முழுசாக நடக்காமல் போன விவாதம் அது.

அதே மசோதாவில் பத்திரிகைப் பணிக்கான விலக்கை 2019-இல் இருந்த மாதிரி திரும்பக் கேளுங்கள். அரசு அங்கீகார அட்டை வைத்திருப்பவருக்கு மட்டும் என்று சுருக்கிவிடாதீர்கள், தாலுகாவில் அந்த அட்டை வைத்திருப்பவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். பகுதிநேர நிருபர், சொந்தமாக எழுதுகிறவர், யூடியூபில் ஊர்ச் செய்தி போடுகிற பெண், எல்லாருக்கும் பொருந்த வேண்டும். 2027 மே மாதத்துக்கு முன்னால் இது நடந்தாக வேண்டும்.

இதற்கெல்லாம் டெல்லி மனது வைக்க வேண்டும் என்றால், மனது வைக்க யாரும் தேவையில்லாத ஒன்றும் இருக்கிறது. ஒன்றிய அரசுத் திட்டங்களைக் கண்காணிக்கிற திஷா கமிட்டிக்கு மாவட்டத்துக்கு மாவட்டம் தலைவர் எம்.பி.தான். ஒன்றிய அரசின் முதியோர் ஓய்வூதியமும் அந்தக் கமிட்டி பார்க்கிற திட்டங்களில் ஒன்று. அடுத்த கூட்டத்தில் உங்கள் தொகுதியில் ஒவ்வொரு வருவாய் கிராமத்திலும் உதவித்தொகை வாங்குகிறவர்கள், நிறுத்தப்பட்டவர்கள், நிறுத்தியதற்கான காரணம் என்ற மூன்றையும் கேட்டு வாங்குங்கள். ஆதார் எண்ணையும் கணக்கு எண்ணையும் அடித்துவிட்டு, பிரிவு 4-ஐச் சொல்லி, ஊராட்சி அலுவலகச் சுவரில் ஒட்டச் சொல்லுங்கள். கிராம சபையில் வாசிக்கச் சொல்லுங்கள். மாநில அரசும் எல்லாத் துறைகளுக்கும் இதையே சுற்றறிக்கையாக அனுப்ப வேண்டும் என்று உங்கள் கட்சித் தலைமையிடம் எழுத்தில் கேளுங்கள்.

இவற்றில் எதைச் செய்யப் போகிறீர்கள், எதைச் செய்ய மாட்டீர்கள், ஏன் என்று உங்கள் பெயரில் பதில் எழுதுங்கள். ஒரு பொதுத் தகவல் அலுவலருக்குச் சட்டம் கொடுத்திருக்கிற கெடு 30 நாள். அதே கெடுவை உங்களுக்கும் வைக்கிறேன். வருகிற பதில்களையும் பதில் சொல்லாதவர்களின் பெயர்களையும் 31-ஆம் நாள் அப்படியே வெளியிடுவேன். என் மேல்முறையீட்டையும் அனுப்பத்தான் போகிறேன். அந்தப் பழைய வரியை இப்போது சட்டத்தில் இல்லை என்று தெரிந்தே அதில் எழுதியிருக்கிறேன், அதன் நகல் உங்கள் 57 பேருக்கும் தபாலில் வரும்.